குனிய மறுத்த கழுத்து

சின்னவன் ஃபால்ஸ் சீலிங் போடுகிறவன். ஜிப்சம் பலகையைத் தலைக்கு மேல் தூக்கிப் பிடித்து, வாயில் நாலைந்து ஸ்க்ரூவைக் கவ்விக்கொண்டு, பிழைப்பில் பாதியை அண்ணாந்தபடியே கழித்தவன். ஆகையால் அந்த ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அவன் கழுத்து பின்பக்கமாக இழுக்க ஆரம்பித்தபோது வீட்டில் ஒருவரும் பதறவில்லை.

"தொழில் கழுத்து," என்றார் அப்பா.

தையற்காரனுக்கு முதுகு, டிரைவருக்கு இடுப்பு என்று ஆண்டவன் அவரவர் வேலைக்குத் தகுந்த வலியைப் பார்த்துத்தான் கொடுத்திருக்கிறான் என்பது அப்பாவின் கட்சி. அப்பா ஓய்வுபெற்ற பஸ் கண்டக்டர். அவருக்கு வலி எதுவும் கிடைக்கவில்லை, குரல் கிடைத்தது. அந்த வலி வீட்டில் மற்றவர்களுக்கு.

ஆனால் அன்றைக்குக் கழுத்து வலிக்கக் கூடாது. சாயங்காலம் சின்னவனைப் பார்க்கப் பெண் வீட்டிலிருந்து வருகிறார்கள். இரண்டு குடும்பங்களும் முதன்முதலாகச் சந்திக்கப் போகின்றன. பையனும் பெண்ணும் முதன்முதலாகச் சந்திக்கப் போகிறார்கள். இந்த இரண்டு வாக்கியங்களில் முதலாவது உண்மை.

இரண்டாவது பொய்யாகிப் பல மாதம் ஆகிவிட்டது. அவள் கண்ணாடிக் கடையில் கண் பரிசோதனை செய்கிறவள். அந்தக் கடைக்குச் சீலிங் போடப் போன இடத்தில், "அந்த லைட்டு கோணலா இருக்கு" என்றாள். "நீங்க போட்டிருக்கிற கண்ணாடி கோணலா இருக்கும்," என்றான் இவன். அவள் கண்ணாடியைக் கழற்றி, சட்டத்தை நிமிர்த்தி, மறுபடி மாட்டிக்கொண்டு பார்த்து, "இப்பவும் கோணல்தான்," என்றாள். அளந்து பார்த்தால் கோணல். மறுநாள் அதைச் சரி செய்யப் போனான். அதற்கு மறுநாள், சரி செய்தது சரியாகவே இருக்கிறதா என்று பார்க்கப் போனான். அப்புறம் கண் பரிசோதனைக்குப் போனான். மூன்றாவது பரிசோதனையின்போது அவள் விளக்கை அணைத்துவிட்டு, "உங்க கண்ணுல ஒரு கோளாறும் இல்ல. இன்னொரு தடவை வந்தீங்கன்னா எங்க முதலாளி உங்களையே கடையில வேலைக்கு வெச்சிடுவாரு," என்றாள். அவன் இன்னொரு தடவையும் போனான்.

சிக்கல் எல்லாம் அவளுடைய அப்பாவிடம். அவர் சுகாதார ஆய்வாளர். அம்மா இல்லாத பெண்ணை ஒற்றை ஆளாக வளர்த்தவர், சோப்புப் போட்டு வளர்த்தவர். அவர் உள்ளே நுழைந்தால் ஓட்டல் முதலாளிகள் எழுந்து நின்று தங்கள் நகத்தைப் பார்த்துக்கொள்வார்கள். அவருக்கு இரண்டு கொள்கை. ஒன்று, நோயை மறைக்கிறவன் நோயைவிட மோசம். இரண்டு, காதல் என்று யாராவது வந்து நின்றால் வாசற்படி அந்தப் பக்கம். இரண்டும் ஒரே கொள்கைதான் என்பார். "காதலிக்கிறவன் முதல்ல கத்துக்கிறதே மறைக்கிறதுதானே?"

எனவே இருவரும் மறைத்தார்கள். கண்ணாடிக் கடை முதலாளி நல்ல மனுஷன். "எனக்குத் தெரிஞ்ச ஒரு பையன் இருக்கான்" என்று ஆய்வாளரிடம் ஆரம்பித்து, விசாரித்து, ஜாதகம் வாங்காத குறையாகப் பேச்சை நகர்த்தி, பெரியவர்களே பார்த்து முடிக்கிற சம்பந்தமாக அதற்கு ஒரு சட்டை போட்டு இந்த ஞாயிற்றுக்கிழமை வரை ஓட்டிக்கொண்டு வந்துவிட்டார். இன்றைக்கு ஒரு சாயங்காலம் நல்லபடியாகக் கடந்துவிட்டால் கல்யாணம். கடக்காவிட்டால் வாசற்படி.

இந்த நேரத்தில்தான் சனிக்கிழமை வேலை நடந்த இடத்தில் சின்னவன் ஒரு முட்டை சாண்ட்விச் சாப்பிட்டான். அதன் வயது அவனுக்குத் தெரியாது. ஞாயிறு காலையில் தெரிந்தது.

காலை முழுக்க வாந்தி. அந்த வீட்டில் வாந்திக்கு ஒரே மருந்து வெந்நீர். தலைவலிக்கும் அதுதான். அண்ணிக்குப் பிரசவ வலி வந்தபோதுகூட அப்பா முதலில் அடுப்பைத்தான் பற்றவைத்தார். "மாத்திரைங்கிறது என்ன? கம்பெனிக்காரன் நம்ம வயித்துல கொட்டற குப்பை. என் வீட்டுக்குள்ள ஒரு மாத்திரை வரக்கூடாது!" இதை அவர், பின்படிக்கட்டில் தொங்குகிறவனுக்கும் கேட்கும் குரலில் சொல்வார்.

இப்படிப்பட்ட வீடுகளில்தான் மாத்திரை அதிகம் இருக்கும்.

அம்மாவினுடையது தையல் மெஷின் இழுப்பறையில், நூல்கண்டுகளுக்கு அடியில் இருந்தது. அப்பா குளிக்கப் போன சமயம் அம்மா ஒன்றை எடுத்து வந்து அவன் வாயில் போட்டாள். "வாந்தி மாத்திரைடா. நிக்கும். அப்பாகிட்ட மூச்சு விடாதே. அண்ணிகிட்டயும் சொல்லாதே, அவ வாய் ஓட்டை."

கொஞ்ச நேரத்தில் அண்ணி வந்தாள். அண்ணன் கப்பலில் வேலை செய்கிறான், வருஷத்தில் பாதி தண்ணீர் மேல். அவன் இல்லாத வீட்டில் மாமனாரைச் சமாளிக்க அண்ணி தன் கைப்பையில் ஒரு சின்ன மருந்துக் கடையே வைத்திருந்தாள். "தம்பி, இதைப் போட்டுக்கோ. சாயங்காலம் அவங்க முன்னாடி வாந்தி எடுத்து வெச்சிடாதே. அத்தைக்குத் தெரிய வேண்டாம், தெரிஞ்சா மாமா காதுக்குப் போயிடும்."

"அண்ணி, நான் ஏற்கெனவே…"

"பேசாதே, முழுங்கு."

முழுங்கினான். மறுத்தால் அம்மாவைக் காட்டிக்கொடுக்க வேண்டும்.

அப்புறம் அப்பா வந்தார். வந்தவர் கதவைச் சாத்தினார். சட்டைப் பையிலிருந்து காகிதத்தில் மடித்த எதையோ எடுத்தார். "இந்தா. இது மாத்திரை இல்ல," என்றார், தன் வாழ்க்கையிலேயே முதல்முறையாக மெல்லிய குரலில். "பாதிதான்."

அது மெய்யாகவே பாதிதான். மத்தியானம் மிச்சப் பாதியையும் கொண்டு வந்து கொடுத்தார். வீணாகப் போகக் கூடாதல்லவா.

வாந்தி நின்றுவிட்டது. அதில் மூன்று பேருக்கும் தனித்தனியாகப் பெருமை. லேசாகக் காய்ச்சல் இருந்தது, தலை விண்விண் என்றது, ஜன்னல் வெளிச்சம் கண்ணில் குத்தியது. காலையிலிருந்து தண்ணீர் தங்காத உடம்பு, அப்படித்தான் இருக்கும் என்று படுத்துக் கிடந்தான். கழுத்து இழுக்க ஆரம்பித்தது அதற்கப்புறம்.

அப்பா தீர்ப்புச் சொல்லிவிட்டபடியால் அண்ணி தைலம் தேய்த்தாள். கழுத்து அடங்கவில்லை. தாடையும் சேர்ந்துகொண்டது. நாக்கு தன்னிஷ்டத்துக்குத் தடித்து ஒருபக்கம் ஒதுங்கியது. சரி, இன்னொரு நாள் வரச் சொல்லலாம் என்றால், ஆய்வாளர் நேரம் மாற்றுகிறவர்களை நம்பாதவர், கிளம்பியும் விட்டார். அம்மா மகனுக்குப் புதுச் சட்டையை மாட்டி, கூடத்து நாற்காலியில் நட்டு வைத்தாள்.

மாப்பிள்ளை என்றால் கொஞ்சம் தலை குனிந்து உட்கார வேண்டும். அதுதான் அழகு. சின்னவன் ஆன மட்டும் முயன்றான். முயல முயலக் கழுத்து இன்னும் அண்ணாந்தது. அது போதாதென்று கண்ணும் மேலே ஏறிவிட்டது. வாசலில் செருப்புச் சத்தம் கேட்டபோது அவன் கண்ணில் பட்டது கூடத்து உத்தரமும், சுற்றாத மின்விசிறியும், அதன் இறக்கையில் அம்மா துடைக்க மறந்த தூசியும்தான். தூசி ஆய்வாளர் கண்ணில் படக் கூடாதே என்று வேண்டிக்கொண்டான்.

"வாங்க, வாங்க, உள்ளே வாங்க, உள்ளே போங்க," என்றார் அப்பா. பழைய பழக்கம்.

நாற்காலிகள் நகர்ந்தன. அவளுடைய கண்ணாடிக் கூடு மேஜை மேல் வைக்கப்படும் சத்தம் சின்னவனுக்குத் தெரியும், கேட்டது. தண்ணீர் வந்தது. டம்ளர் கழுவப்பட்டதா என்று பார்க்க ஆய்வாளர் எடுத்துக்கொண்ட மௌனமும் கேட்டது.

"தம்பி என்ன பாத்துக்கிட்டு இருக்காரு?" என்றார் ஆய்வாளர் கடைசியில்.

"சீலிங் வேலை பாருங்க," என்றார் அப்பா. "எங்க உக்காந்தாலும் முதல்ல மேலதான் பாப்பான். தொழில் பக்தி."

தொழில் பக்தி உள்ள இன்னொரு மனிதரான ஆய்வாளர் தாமும் மேலே பார்த்தார். அவர் பார்க்கவே அப்பா பார்த்தார், அம்மா பார்த்தாள், அண்ணி பார்த்தாள். ஒரு கல்யாணப் பேச்சு இவ்வளவு ஒற்றுமையாகத் தொடங்குவது அபூர்வம்.

"ஃபேன்ல தூசி," என்றார் ஆய்வாளர்.

"அப்பா, அவருக்கு உடம்பு சரியில்ல," என்றது பெண்ணின் குரல். மேலே பார்க்காதது அவள் ஒருத்திதான்.

"உனக்கு எப்படித் தெரியும்?"

ஒரு வினாடி. "கண்ணு பாக்கிறதுதானேப்பா என் வேலை? கருவிழி மேல ஏறி நிக்குது பாருங்க. இறங்கவே மாட்டேங்குது."

ஆய்வாளர் எழுந்து வந்தார். சோப்பு வாசனையோடு ஒரு கை சின்னவன் நெற்றியில் உட்கார்ந்தது. "காய்ச்சல் இருக்கே. தலைவலி?"

"ஆமாங்க," என்றாள் அம்மா.

"வெளிச்சம் கூசுதா? வாந்தி?"

"ஆமாங்க, ஆமாங்க." விருந்தாளி கேட்பதற்கு இல்லையென்று சொல்லி அம்மாவுக்குப் பழக்கமில்லை.

"தம்பி, தலையைக் குனிங்க. தாடை நெஞ்சுல படணும்."

சின்னவன் மாமனாராகப் போகிறவரின் முதல் கட்டளையை மீறினான். வேறு வழியில்லை.

"மூளைக்காய்ச்சல்," என்றார் ஆய்வாளர்.

அம்மா உட்கார்ந்துவிட்டாள். ஆய்வாளரோ அப்போதுதான் நிமிர்ந்து நின்றார். அதுவரை சம்பந்தம் பேச வந்த கூச்சத்தில் நாற்காலி விளிம்பில் ஒட்டிக்கொண்டிருந்த மனிதர், மறு நிமிஷம் அந்த வீட்டையே தன் பொறுப்பில் எடுத்துக்கொண்டார். "ஜன்னலை எல்லாம் திறங்க. யாரும் யார் டம்ளரையும் தொடாதீங்க. எல்லாரும் கை கழுவுங்க. நகத்துக்கு அடியில, நகத்துக்கு அடியில! என் கார்லயே போயிடலாம்." இவ்வளவு சந்தோஷமாக அவர் பேசிப் பல நாளாயிற்று என்று அவருடைய பெண் பிற்பாடு சொன்னாள்.

ஆஸ்பத்திரியின் அவசரப் பிரிவுக்கும் ஃபால்ஸ் சீலிங்தான். படுக்க வைத்ததும் சின்னவன் அதைப் பார்த்தான், பார்க்காமல் இருக்க முடியவில்லை. மூலைப் பலகையில் பழுப்பாக நீர்க்கறை. ஏ.சி. குழாய்க்குச் சரிவு கொடுக்காமல் போட்டிருக்கிறார்கள், படுபாவிகள். சாகக் கிடக்கிறோமோ என்ற பயத்துக்கு நடுவிலும் இதைக் கவனித்தது அவனுக்கே கொஞ்சம் வெட்கமாக இருந்தது. புத்தி தெளிவாகத்தான் இருந்தது, அதுதான் கொடுமை. எல்லாம் காதில் விழுந்தது, எல்லாம் புரிந்தது. நாக்கு மட்டும் வாய்க்கு வெளியே எட்டிப் பார்த்துக்கொண்டு தனிக் குடித்தனம் நடத்தியது.

டியூட்டி டாக்டரம்மா இளவயசுக்காரி, தூக்கம் பாக்கியுள்ள குரல். அவன் தலைக்கடியில் கை கொடுத்துத் தூக்கிப் பார்த்தாள். தலையோடு தோளும் சேர்ந்து பலகை மாதிரி எழுந்தது. முழங்காலை மடக்கி நீட்டிப் பார்த்தாள். கண்ணில் டார்ச் அடித்தாள். கழுத்தைப் பக்கவாட்டில் தொட்டுப் பார்த்து, "ம்" என்றாள். அந்த 'ம்'மில் ஒரு சந்தேகம் இருந்தது.

"இவருக்கு ஏதாவது மாத்திரை, மருந்து கொடுத்தீங்களா? நல்லா யோசிச்சுச் சொல்லுங்க."

"இல்லை," என்றார்கள் அம்மாவும் அண்ணியும் அப்பாவும், பள்ளிக்கூடப் பிள்ளைகள் வாய்ப்பாடு சொல்கிற மாதிரி ஒரே தாளத்தில்.

"எங்க வீட்டுல மாத்திரையே கிடையாதுங்க," என்று அப்பா கூடுதலாகவும் கொடுத்தார். "வெந்நீர்தான்."

"வேற எங்கயாவது வாங்கிச் சாப்பிட்டிருப்பாரா?"

"என் பிள்ளை என்கிட்ட எதையும் மறைக்க மாட்டான்," என்றாள் அம்மா.

டாக்டரம்மா பெருமூச்சு விட்டாள். "அப்படின்னா இதை மூளைச்சவ்வுக் காய்ச்சலாத்தான் எடுத்துக்கணும். காத்திருக்க முடியாது. முதல்ல ஆன்டிபயாடிக். அப்புறம் முதுகுத்தண்டுல ஊசி போட்டுக் கொஞ்சம் நீர் எடுத்துப் பார்த்துடலாம். ஏற்பாடு பண்ணிட்டு வரேன்." செருப்புச் சத்தம் திரைக்கு அப்பால் போயிற்று.

முதுகுத்தண்டு என்ற வார்த்தை சின்னவனின் முதுகுத்தண்டிலேயே ஓடியது. மருந்து பற்றி டாக்டரம்மா ஏன் இவ்வளவு அழுத்திக் கேட்டாள்? அவனுக்குள் ஏதோ தட்டியது. கையைத் தூக்கினான். கட்டைவிரலையும் ஆள்காட்டி விரலையும் சேர்த்துச் சின்ன வட்டம் போட்டான். அந்த வட்டத்தை வாயருகே கொண்டுபோனான்.

அந்த அறையில் அதற்கு அர்த்தம் தெரிந்தவர்கள் மூன்று பேர்.

"சில்லறையா? பார்க்கிங்குக்குக் கொடுத்தாச்சுப்பா," என்றார் அப்பா.

"பொத்தான் இறுக்குதாம்," என்று அம்மா அவன் காலர் பொத்தானை அவிழ்த்தாள்.

"சூப்பரா இருக்குன்னு சொல்றாரு," என்றாள் அண்ணி. "தைரியசாலி."

அவர்களைக் குறை சொல்வதற்கில்லை. வாந்திக்குக் கொடுத்த மாத்திரைக்கும் கழுத்துக்கும் என்ன சம்பந்தம்? வாந்திதான் நின்றுவிட்டதே. சம்பந்தமில்லாத ஒன்றைச் சொல்லி, சம்பந்தி வீட்டார் முன்னால் எதற்குச் சண்டை?

டாக்டரம்மா திரும்பி வந்தாள். "இன்னொண்ணு. இது தொத்தற வகையா இருந்தா, நெருங்கிப் பழகினவங்களும் மாத்திரை சாப்பிடணும். ஒரு வாரத்துக்குள்ள இவர் எச்சில் பட்ட மாதிரி பழகினவங்க யாரு? ஒரே டம்ளர், ஒரே ஸ்பூன், அந்த மாதிரி?"

"அப்படிக் கேளுங்க டாக்டர்," என்றார் ஆய்வாளர், தன் இனத்தைக் கண்டுகொண்ட திருப்தியோடு. பிறகு குடும்பத்தின் பக்கம் திரும்பினார். "கையைத் தூக்குங்க. யாரும் மறைக்கக் கூடாது. ஒருத்தர் மறைச்சா ஊருக்கே பரவும்."

அம்மா தூக்கினாள், அவன் தட்டில் மிஞ்சியதைச் சாப்பிடுகிறவள் அவள்தான். அண்ணியும் அப்பாவும் தூக்கவில்லை. அப்புறம் ஏன் இவ்வளவு அமைதி என்று சின்னவனுக்குப் புரியவில்லை. நீர்க்கறையைத் தவிர வேறெதையும் பார்க்க முடியாத நிலையில், அவன் காதை மட்டும் தீட்டிக்கொண்டான்.

"நீ எதுக்கும்மா தூக்கறே?" என்றார் ஆய்வாளர், மகளிடம். "நீ இன்னிக்குத்தானே பாக்கிறே? அதுவும் எட்டி உக்காந்து."

வேண்டாம் என்று கத்தத் தோன்றியது சின்னவனுக்கு. நாக்கு ஒத்துழைக்கவில்லை. கொஞ்சம் பொறுத்தால் போதும், அந்த மாத்திரையை அவள் தனியாக வந்துகூட டாக்டரிடம் வாங்கிக்கொள்ளலாம். இதற்காகவா இத்தனை மாதம் ஒளிந்து ஒளிந்து நடந்தார்கள்?

"தினமும் எத்தனையோ பேர் மூஞ்சிகிட்ட மூஞ்சி வெச்சுக் கண்ணு பாக்கிறேன்பா," என்றாள் அவள். "குழந்தைங்க வருது. நான் எப்படி மறைக்கிறது? வியாழக்கிழமை ரெண்டு பேரும் ஒரே ஸ்ட்ரால ஜூஸ் குடிச்சோம்."

"என்ன ஸ்ட்ரா? எந்த ஜூஸ்?"

"ஆரஞ்சு. அப்புறம்…"

"அப்புறம்?"

"ஸ்ட்ரா இல்லாமலும்."

அண்ணி இருமினாள். அப்பா தன் முப்பது வருஷ சர்வீஸில் எந்த பஸ்ஸிலும் கேட்காத நிசப்தம் அந்த அறையில் விழுந்தது.

"கை கழுவினியா?" என்றார் ஆய்வாளர். எதையாவது கேட்டாக வேண்டும், வாயில் வந்தது இதுதான்.

"கழுவினேன்பா."

"எத்தனை நாளா இது?"

"டாக்டர் ஒரு வாரத்துக்குத்தான் கேட்டாங்க."

"நான் கேக்கிறேன்."

"சீலிங் போட வந்ததுலேருந்து. ஒண்ணரை வருஷம் தாண்டிடுச்சு."

முடிந்தது என்று சின்னவன் நினைத்தான். முதுகில் ஊசி குத்துவார்கள், அதைத் தாங்கிக்கொள்ளலாம். வாசற்படியை எப்படித் தாங்குவது? கண்ணோரத்திலிருந்து நீர் காதுக்குள் வழிந்தது, துடைக்க முடியவில்லை.

அப்போதுதான் அம்மாவின் மூக்கு உறிஞ்சும் சத்தம் கேட்டது.

"பாவிப் பொண்ணு, பெத்த அப்பன் முன்னாடி அவளே சொல்லிட்டா. நான் பிள்ளையைப் பெத்தவ, வாயை மூடிக்கிட்டு நிக்கிறேன்," என்றாள் அம்மா. "டாக்டரம்மா, காலையில நான் ஒரு வாந்தி மாத்திரை கொடுத்தேன்."

"என்னது?" என்றார் அப்பா. அந்த 'என்னது' பஸ்ஸின் கடைசி வரிசை வரைக்கும் போகக்கூடியது.

டாக்டரம்மாவின் செருப்பு இரண்டடி முன்னால் வந்தது. "என்ன வாந்தி மாத்திரை? ஒண்ணா?"

"ஒண்ணுதாங்க."

"நானும் ஒண்ணு கொடுத்தேன்," என்றாள் அண்ணி, கைப்பை ஜிப்பைத் திறந்தபடி. "இதோ அட்டை."

"அதேதான்!" என்றாள் அம்மா. "எங்கடி வாங்கினே?"

"நீங்க வாங்கற கடையிலதான் அத்தை."

"ஆக ரெண்டு," என்றாள் டாக்டரம்மா. "வேற யாரும் இல்லையே?"

அப்பா தொண்டையைச் செருமினார். மறுபடி செருமினார். "நான் பாதிதான்."

"மாமா!"

"பாதிடி. பாதி எப்படி மாத்திரையாகும்? அது அரை டிக்கெட்."

"ஒரு தடவைதானா?" என்றாள் டாக்டரம்மா.

"ரெண்டு தடவை."

"ரெண்டு அரை டிக்கெட் சேர்ந்தா என்னங்க?" என்று அம்மா கேட்டாள். வெந்நீர் குடித்தே கழிந்த தாம்பத்தியம் முழுவதற்கும் சேர்த்துக் கேட்ட கேள்வி அது.

டாக்டரம்மா சிரிக்கவில்லை. சிரிக்காமல் இருப்பதற்காகக் கொஞ்சம் திரும்பி நின்றாள் என்று பிற்பாடு தகவல். சின்னவன் முகத்துக்கு நேரே குனிந்தாள். "சார், உங்களுக்கு நான் பேசறது புரியுதில்ல? கட்டைவிரலைத் தூக்குங்க. அவங்க சொன்ன எல்லாத்தையும் முழுங்கினீங்களா?" அவன் இரண்டு கட்டைவிரலையும் தூக்கினான்.

"சரி. ஊசியெல்லாம் அப்புறம். முதல்ல இதுக்கு மாத்து மருந்து போடலாம். நான் நினைக்கிறதுதான்னா, கொஞ்ச நேரத்துல தெரிஞ்சிடும்."

மருந்து கையில் ஏறிக்கொண்டிருக்கும்போதே டாக்டரம்மா விளக்கினாள். சில வாந்தி மாத்திரைகள் சிலருக்கு, அதிலும் இளவயசுக்காரர்களுக்கு, இப்படி வேலை வைத்துவிடும். கழுத்து, தாடை, நாக்கு, கண் என்று தசைகளைப் பிடித்து முறுக்கிவிடும். மூளைச்சவ்வில் கிருமியும் இருக்காது, வீக்கமும் இருக்காது, பார்க்கிறவர்களுக்கு மட்டும் அந்த நோய் மாதிரியே இருக்கும். "இது ஒண்ணுதான்னு இல்ல. சின்னக் குழந்தைக்கு நுரையீரல் மேல்பக்கம் சளி கட்டினாலும் கழுத்து விறைக்கும். வயசானவங்களுக்குக் கழுத்தெலும்புல சுண்ணாம்பு படிஞ்சாலும் காய்ச்சலோட விறைக்கும். நோய்ங்க நல்லா வேஷம் போடும். அதனாலதான் என்ன சாப்பிட்டாருன்னு கேக்கிறோம். கேட்டா சொல்ல மாட்டேங்கிறீங்க."

மூன்று பேரும் அவரவர் பாதத்தைப் பார்த்தார்கள்.

"அப்ப இவளுக்குத் தடுப்பு மாத்திரை?" என்றார் ஆய்வாளர்.

"இது அதுதான்னா தேவையில்ல. யாருக்குமே தேவையில்ல."

"அப்ப இவ சொன்னதெல்லாம்…"

"நோய்க்காகச் சொல்லியிருக்கவே வேண்டாம்," என்றாள் டாக்டரம்மா.

"ஐயையோ," என்றாள் பெண். "சும்மாவா சொன்னேன்?"

"சும்மா இல்லம்மா. நீங்க சொல்லலேன்னா இவங்க யாரும் வாயத் திறந்திருக்க மாட்டாங்க. நான் இந்நேரம் இவர் முதுகுல குத்திக்கிட்டு இருந்திருப்பேன்."

இதற்குள் சின்னவனுக்குள் என்னமோ நடந்தது. யாரோ இழுத்துக் கட்டியிருந்த கயிற்றை ஒவ்வொரு முடிச்சாக அவிழ்ப்பது போல. முதலில் நாக்கு உள்ளே வந்து தன் இடத்தில் உட்கார்ந்தது. அப்புறம் தாடை. கண் இறங்கியது. சீலிங் நகர்ந்து, திரை தெரிந்து, மருந்துப் பை தெரிந்து, மனுஷ முகங்கள் தெரிந்தன. இவ்வளவு முகங்களையும் ஒன்றாகப் பார்த்து எத்தனை நேரமாயிற்று! அம்மா அழுதுகொண்டே சிரித்தாள். அண்ணி அப்பாவை முறைத்துக்கொண்டிருந்தாள். பெண் கால்மாட்டில் நின்று கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டிருந்தாள். எல்லோருக்கும் முன்னால், மிக அருகில், சவரம் செய்த ஒரு கண்டிப்பான முகம். அந்த முகத்தை அவன் இப்போதுதான் முதன்முதலாகப் பார்க்கிறான். மகளுக்கு இருந்த அதே புருவம்.

"பேச வருதா தம்பி?" என்றது அந்த முகம்.

"வ… வருதுங்க."

"அப்ப பேசு. அவ பேசிட்டா. நீ ஆம்பளை, உன் வாயால இன்னும் ஒண்ணும் வரல."

நியாயமான பேச்சு. சின்னவன் தலையணையில் கையூன்றிக் கொஞ்சம் நிமிர்ந்தான். ஒண்ணரை வருஷமாக ஒத்திகை பார்த்த வாக்கியம் அவனிடம் இருந்தது. "ஐயா," என்றான். "நாங்க மறைச்சது தப்புதான். உங்க பொண்ணு மேல எனக்கு… உங்க பொண்ணை நான்…"

மாற்று மருந்துக்குத் தூக்கம் வரும் என்பதை யாரும் அவனுக்குச் சொல்லவில்லை. வாக்கியத்தின் பயனிலை வருவதற்குள் குறட்டை வந்துவிட்டது.

கண் விழித்தபோது ஜன்னலுக்கு வெளியே இருட்டி, தெருவிளக்கு மஞ்சளாக எரிந்துகொண்டிருந்தது. உடம்பு புதிதாகத் தைத்துப் போட்ட மாதிரி லேசாக இருந்தது. வாக்கியம் பாதியில் நிற்கிறதே என்று நினைவு வந்தது. கேட்க வேண்டியவர் போய்விட்டாரோ என்று அவன் தலையைத் திருப்புவதற்குள் அம்மாவின் குரல் கேட்டது.

"சம்மந்தி, கொஞ்சம் காலைத் தூக்குங்க, அந்த ஃபிளாஸ்கை எடுத்துக்கிறேன்."

சின்னவன் மறுபடி கண்ணை மூடிக்கொண்டான். அந்த வார்த்தையை இன்னொரு தடவை கேட்க வேண்டும் போலிருந்தது.

"முழிச்சாச்சு, நடிக்காதே," என்றாள் பெண், காதருகே. கட்டிலோரம் ஸ்டூலில் உட்கார்ந்திருந்தாள், பகிரங்கமாக.

"என்ன ஆச்சு?" என்றான் மெல்ல.

"நீ பாதியில தூங்கிட்டே. எங்கப்பா ஒரு மணி நேரம் ஒண்ணும் பேசல. வராண்டாவில போய் அங்க இருக்கிற குப்பைத்தொட்டி எல்லாத்தையும் பாத்துட்டு வந்தாரு. ரெண்டுக்கு மூடி இல்லையாம். வந்து, 'என் சர்வீஸ்ல நோய் பயத்துல கை தூக்கினவங்களைப் பாத்திருக்கேன், அடுத்தவன் பிள்ளைக்கு வந்துடுமேன்னு கை தூக்கினது நீ ஒருத்திதான்'னாரு. எனக்கு அழுகையே வந்துடுச்சு. அதுக்கப்புறம்தான், 'ஆனா பொய் சொன்னதுக்கு உன்கிட்ட ஒரு மாசம் பேச மாட்டேன்'னாரு."

"பேசறாரா?"

"அதுக்கப்புறம் நிறுத்தவே இல்ல."

பேசிக்கொண்டுதான் இருந்தார். அறையின் மறுகோடியில் அவரும் அப்பாவும் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். டாக்டரம்மா விடியும் வரை இங்கேயே இருக்கச் சொல்லியிருந்தாள், மறுபடி இழுக்காமல் இருக்க ரெண்டு நாளைக்கு மாத்திரையும் எழுதியிருந்தாள். அந்த வாந்தி மாத்திரை மட்டும் இனி ஜன்மத்துக்கும் கூடாது, எந்த டாக்டரிடம் போனாலும் சொல்ல வேண்டும் என்று எல்லோரையும் தனித்தனியாக நிறுத்திச் சொல்ல வைத்துவிட்டுத்தான் போனாளாம்.

"வேளா வேளைக்கு மாத்திரை கொடுக்கிறது ஒரே ஆள் பொறுப்பா இருக்கணும்," என்றார் ஆய்வாளர். "உங்க வீட்டுல ஆளுக்கொரு கை நீளுது. நீங்களே கொடுங்க."

"நானா?" என்றார் அப்பா.

"முழுசா கொடுங்க."

அப்பா மாத்திரை அட்டையை வாங்கி, செல்லாத நோட்டைப் பார்ப்பது போல வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்து, சட்டைப் பையில் வைத்துக்கொண்டார். கொஞ்ச நேரம் கழித்து, "கல்யாண மண்டபம் பாத்தீங்கன்னா பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்துல…" என்று ஆரம்பித்தார்.

"மண்டபம் எதுன்னாலும் சரி. சமையல் கூடத்தை நான் பாத்துட்டுத்தான் பேசி முடிக்கிறது."

"தாராளமா பாருங்க சம்மந்தி."

"முன்னாடி சொல்ல மாட்டேன். திடீர்னுதான் போவேன்."

"போங்க. நானும் வரேன்," என்றார் அப்பா. அவர் குரல் மெல்ல மெல்லப் பழைய உயரத்துக்கு ஏறிக்கொண்டிருந்தது. திரைக்கு அப்பால் ஒரு நர்ஸ் "உஷ்" என்றாள். ஆய்வாளர் அவளுக்காகப் பரிந்து அப்பாவைக் கண்டித்தார், அப்பா கண்டிப்பை ஏற்றுக்கொண்டார், இருவரும் நாற்காலியை இன்னும் நெருக்கிப் போட்டுக்கொண்டார்கள்.

"பசிக்குது," என்றான் சின்னவன்.

"கஞ்சி மட்டும்தான்," என்றாள் அவள். "அண்ணி வாங்கப் போயிருக்காங்க. ஒண்ணு சொல்லட்டுமா? நாம கஷ்டப்பட்டு ஒளிஞ்சு ஒளிஞ்சு நடந்ததெல்லாம் உங்க அண்ணிக்கு ஆரம்பத்துலேருந்தே தெரியுமாம்."

"எப்படி?"

"நல்ல கண்ணை வெச்சுக்கிட்டு எவனாவது மாசத்துக்கு ரெண்டு தடவை கண்ணு டெஸ்ட் பண்ணுவானான்னு கேக்கறாங்க."

சின்னவனுக்குச் சிரிப்பு வந்தது. சிரித்தால் தாடை இன்னும் கொஞ்சம் வலித்தது, பரவாயில்லை என்று சிரித்தான்.